பட்டா பேசுமாம், பங்காளி பேசக்கூடாதாம்!

“பட்டாவில் உன் பெயர் இருக்கிறதா? இல்லையல்லவா? அப்புறம் என்ன பங்கு, என்ன பாத்தியதை? போய் வேறு வேலையைப் பார்!”

தாலுகா ஆபீஸ் வராந்தாவிலும், பத்திரப் பதிவு ஆபீஸ் வாசலிலும், நிலத் தரகரின் கார் ஜன்னலிலும் இந்த வசனம் ஒரே ராகத்தில் ஒலிக்கிறது. சொல்பவர் யார்? ஒரு நாளும் ஏர் பிடித்தறியாதவர். கேட்பவர் யார்? பாட்டன் வெட்டிய கிணற்றில் தண்ணீர் இறைத்து வளர்ந்த பாட்டாளி. சொல்பவர் அதட்டுகிறார், கேட்பவர் தலையைத் தொங்கப்போட்டுக்கொண்டு பஸ் ஏறுகிறார். அவர் பஸ் ஏறிய மறுமாதமே அந்தப் பங்கு கல் நட்டு, கயிறு கட்டி, மனைகளாக விற்பனைக்கு வருகிறது!

இந்த வசனம் பொய். பட்டா ஒருவர் பெயரில் இருப்பதால் மட்டும் மற்றப் பங்காளிகளின் பங்கு செத்துப்போவதில்லை. சட்டம் அப்படிச் சொல்லவில்லை. சட்டத்தைக் காட்டிப் பயமுறுத்துகிறவர்கள்தான் அப்படிச் சொல்கிறார்கள். இதை மில் கேட்டிலும் நடவு வயலிலும் உரக்கச் சொல்ல வேண்டியிருக்கிறது. ஏனென்றால், பொய்யென்று தெரியாத ஒரே காரணத்தால் நம்மவர்கள் பங்கை இழந்திருக்கிறார்கள், இன்றும் இழந்துகொண்டிருக்கிறார்கள்.

ஒரு குடும்பத்தை எடுத்துக்கொள்வோம்

பெயர் வேண்டாம். எந்தப் பெயரை வைத்தாலும் எந்தத் தாலுகாவுக்கும் பொருந்தும். பாட்டனார் காலத்துப் புஞ்சை 4 ஏக்கர், ஒரு கிணறு, கிணற்று மேட்டில் நாலு பனை. மூன்று ஆண் பிள்ளைகள், ஒரு பெண். மழை பொய்த்தது, கடன் ஏறியது. மூத்தவர் ஏரைப் பிடித்துக்கொண்டு ஊரில் நின்றார். நடுப்பிள்ளை கோவைக்கு வந்து பஞ்சாலையில் நூற்பில் சேர்ந்தார். கடைசிப் பிள்ளை பக்கத்துப் பண்ணையில் கூலிக்குப் போனார். பெண் வாழ்க்கைப்பட்ட ஊரில் நாற்று நட்டார். யாரும் பாகம் பிரிக்கவில்லை. பிரிப்பதற்கு என்ன இருந்தது? மழை பெய்தால் நாலு மூட்டை சோளம். பெய்யாவிட்டால் கிஸ்திக்குக் கடன்! மில்லுக்குப் போனவர் மாதந்தோறும் மணியார்டர் அனுப்பினார். அந்தப் பணத்தில்தான் கிணறு ஆழமாயிற்று, மோட்டார் வந்தது.

1979-ல் சர்க்கார் நிலக் கணக்குகளைப் புதுப்பிக்க ஒரு திட்டம் தொடங்கியது. ‘யு.டி.ஆர்.’ என்று கிராமத்தில் இன்றும் பேசுகிறார்களே, அதுதான். 1987 வரை அது நடந்தது. ஏக்கர் கணக்கு ஹெக்டேர் ஆயிற்று. பழைய பெயர்கள் போய்ப் புதுப் பெயர்கள் ஏறின. இதற்கு நடுவில், 1980-ல், பரம்பரைக் கணக்குப்பிள்ளை, மணியக்காரர் பதவிகளும் ஒழிந்தன. ஒழிந்தது நல்லதுதான்; அதற்காக நாம் கண்ணீர் விடப் போவதில்லை. ஆனால் எந்த நிலம் யார் யாருக்குப் பொது என்ற ஊர் விவரம் புதுக் கணக்கில் முறையாக ஏறியதா? நிலத்தில் யார் நிற்கிறார் என்று பார்த்தார்கள். மூத்தவர் நின்றார். மூத்தவர் பெயர் ஏறியது.

மூத்தவர் சூது செய்தாரா? பெரும்பாலான குடும்பங்களில் இல்லவே இல்லை. “தம்பிகளுக்கும் பங்குண்டு, சாமி” என்று அவர் சொல்லியும் இருப்பார். காதில் போட்டுக்கொள்ள அங்கே ஆளில்லை. பழைய கணக்கில் ‘இன்னார் வகையறா’ என்று இருந்தது. அந்த ‘வகையறா’ என்ற ஒரு சொல், பழைய புத்தகத்திலிருந்து புதுப் புத்தகத்துக்கு வரும் வழியில் விழுந்துபோயிற்று. மூன்று பேர் வாழ்வு அந்த ஒரு சொல்லில் இருந்தது!

அண்ணன் இருந்தவரை சண்டையில்லை. பொங்கலுக்குப் போனால் ஒரு மூட்டை கட்டி அனுப்புவார். பிறகு புறவழிச் சாலை வந்தது. ஏக்கரில் பேசிய நிலத்தைச் சென்டில் பேச ஆரம்பித்தார்கள். அண்ணன் காலமானார். அண்ணன் மகனைத் தேடித் தரகர் வந்தார்: “உங்கள் அப்பா பெயரில்தானே பட்டா? கையெழுத்தை மட்டும் போடுங்கள், மற்றதை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்.” கவனியுங்கள், தோழர்களே! அந்த ‘மற்றது’ என்பது யார்? இரண்டு சித்தப்பாக்கள், ஓர் அத்தை, அவர்களுடைய பிள்ளைகள்!

பட்டா எங்கே பிறந்தது?

பட்டாவுக்கு இன்று கொடுக்கப்படும் பூஜை புனஸ்காரத்தைப் பார்த்தால் அது வானத்திலிருந்து இறங்கியது என்று நினைக்கத் தோன்றும். அது கும்பினி ஆட்சியின் வரிக் கச்சேரியில் பிறந்தது. 1820 முதல் 1827 வரை சென்னை கவர்னராக இருந்த தாமஸ் மன்றோ வேரூன்றச் செய்த ரயத்வாரி முறையில், சர்க்கார் நேரடியாக ஒவ்வொரு ரயத்திடமும் வரி வாங்கியது. வரி வாங்க ஒரு பெயர் வேண்டும். பாக்கி விழுந்தால் ஜப்தி செய்ய ஓர் ஆள் வேண்டும். அந்தப் பெயர்ச் சீட்டுதான் பட்டா. ‘யாரிடம் கிஸ்தி பிடிப்பது’ என்ற கேள்விக்கு அது பதில். ‘நிலம் யார் யாருடையது’ என்ற கேள்விக்கு அது முழுப் பதிலே அல்ல.

அதற்கு முன்னே தஞ்சையிலும் செங்கற்பட்டிலும் ஊர் நிலத்தைப் பங்குகளாக வைத்திருந்து, குறிப்பிட்ட காலத்துக்கு ஒருமுறை கரையீடு செய்து மாற்றிக்கொண்ட கிராமங்கள் இருந்தன. நிலம் பொதுவாக இருக்க முடியும் என்பது நம் நாட்டுக்குப் புதிதல்ல. ஆனால் அந்தப் பழைய நாளைப் பொற்காலம் என்று பாடுகிறவர்களோடு நாம் சேரமாட்டோம். பங்கு மிராசுதாரருக்கு, உழுத பள்ளருக்கும் பறையருக்கும் அதில் ஒரு குழி நிலமும் பங்கில்லை. பொதுவில் வைத்திருந்தவர்கள் தங்களுக்குள்தான் பொதுவில் வைத்திருந்தார்கள்.

இன்றைய சட்டத்துக்கு வருவோம். வருவாய்க் கணக்கில் பெயர் மாற்றுவதால் நிலத்தின் மேல் உரிமை பிறப்பதுமில்லை, இருந்த உரிமை அழிவதுமில்லை என்று சுப்ரீம் கோர்ட்டு 1996-ல் சொல்லியிருக்கிறது. தாசில்தார் பட்டா கொடுக்கலாம், மாற்றலாம். உரிமையில் தகராறு என்றால் தீர்ப்பது சிவில் கோர்ட்டு. இது எல்லா வக்கீலுக்கும் தெரியும். எல்லாத் தரகருக்கும் தெரியும். தெரியாதவன் பங்காளி ஒருவன்தான்!

ருசுச் சுமை யார் தலையில்?

பட்டா முடிவான ருசு அல்ல என்றால், பங்குக்கு எது ருசு? இங்கேதான் நம்மவர்கள் இடறி விழுகிறார்கள். “எல்லோரும் ஒரே குடும்பம், அதனால் எல்லாச் சொத்தும் பொது” என்று சொன்னால் போதும் என்று நினைக்கிறார்கள். போதாது. இந்துக் குடும்பம் கூட்டாக இருக்கிறது என்று கோர்ட்டு ஊகிக்கும். ஆனால் அந்தக் குடும்பத்தில் ஒருவர் பெயரிலுள்ள சொத்து கூட்டுச் சொத்து என்று தானாக ஊகிக்காது. கூட்டுச் சொத்து என்பவர்தான் முதலில் ருசுப்படுத்த வேண்டும். குடும்பத்துக்குப் பூர்வீகச் சொத்து இருந்தது, அதன் வருமானத்திலிருந்து இந்தச் சொத்தை வாங்கியிருக்க முடியும் என்று அவர் காட்டினால், சுமை மறுபக்கம் மாறும். ‘இது என் சொந்தச் சம்பாத்தியம்’ என்பவர் அதை ருசுப்படுத்த வேண்டும். 1954-லேயே சுப்ரீம் கோர்ட்டு வகுத்த வழி இது.

விதி ஒழுங்காகத்தான் தோன்றுகிறது. ஆனால் வாழ்க்கையில் பாருங்கள்! மூலப் பத்திரம் யார் பெட்டியில்? ஊரில் இருந்தவர் பெட்டியில். கிஸ்தி ரசீது யாரிடம்? அவரிடம். காகிதத்தைப் பூட்டி வைத்திருப்பவர் கையைக் கட்டிக்கொண்டு நிற்கலாம். காகிதத்தைக் கண்ணாலும் காணாதவர் முதலில் ருசுப்படுத்த வேண்டும். சட்டத்தின் முன் எல்லோரும் சமம் என்று சொல்கிறார்களே, அந்தச் சமத்துவத்தின் லட்சணம் இது.

ஆனாலும் பெட்டிக்கு வெளியிலும் காகிதம் இருக்கிறது. அதைத்தான் தேடவேண்டும்.

பதிவு ஆபீசில் பதிந்த கிரயப் பத்திரத்தின் நகலை யார் வேண்டுமானாலும் கட்டணம் கட்டி வாங்கலாம். அண்ணன் மகன் தயவு தேவையில்லை. பாட்டனார் பெயரில் வில்லங்கம் போட்டுப் பார்த்தால் எந்த வருஷம், எந்த நம்பர் என்று தெரியும். 30 வருஷத்துக்கு மேற்பட்ட பத்திரம் தக்க இடத்திலிருந்து வந்தால், எழுதியவரும் சாட்சிகளும் உயிரோடு இல்லாவிட்டாலும் அதை மெய்யென்று கோர்ட்டு ஊகிக்கலாம். 2024 ஜூலை 1 முதல் பழைய சாட்சியச் சட்டம் போய்ப் புதுப் பெயரில் ஒரு சட்டம் வந்துவிட்டதே என்று கலங்க வேண்டாம். இந்த விதி அதிலும் இருக்கிறது.

அடுத்தது யு.டி.ஆருக்கு முந்திய கணக்கு. பழைய செட்டில்மெண்ட் பதிவேடு, பழைய ‘அ’ பதிவேடு, பழைய சிட்டா. இவற்றின் நகலுக்கு மனுப் போடுங்கள். ‘வகையறா’ என்ற சொல் அங்கே உயிரோடு உட்கார்ந்திருக்கும்! 1987-க்குப் பிந்திய பட்டாவை மட்டும் காட்டுகிறவரிடம், “அதற்கு முந்திய தாளை எடுங்கள்” என்று ஒரு வார்த்தை சொல்லிப் பாருங்கள், முகம் மாறும்.

பிறகு கையெழுத்துகள். எந்தக் காலத்திலாவது அந்த நிலத்தை அடமானம் வைத்தார்களா? கூட்டுறவுச் சங்கத்தில் கடன் வாங்கினார்களா? ரோட்டுக்கு எடுத்த துண்டுக்கு நஷ்ட ஈடு வாங்கினார்களா? அப்போது தம்பியிடம் கையெழுத்து வாங்கினார்களா? வாங்கியிருந்தால் அந்தத் தாள் தங்கத்துக்குச் சமம். நிலம் முழுக்க அண்ணனுடையது என்றால், 300 மைல் தள்ளி மில்லில் இருந்த தம்பியின் கையெழுத்து எதற்கு? கடன் கொடுத்தவன் முட்டாளா? பங்கில்லாதவனிடம் யாராவது கையெழுத்துக் கேட்பார்களா? எதிர்க்கட்சி வக்கீல் பதில் சொல்லத் திணறும் கேள்வி இது.

பக்கத்து நிலத்துக்காரரின் பழைய பத்திரத்தையும் பாருங்கள். நான்கெல்லை சொல்லும் இடத்தில், ‘வடக்கே இன்னார் மக்கள் பாத்தியப்பட்ட புஞ்சை’ என்று எழுதியிருக்கும். அது மட்டும் ஒரு வழக்கை வென்று தராது. மற்ற ருசுக்களோடு சேர்ந்தால் பலம். தாமதம் பாராமல் மணியார்டர் ரசீது, பழைய கடிதம், மோட்டாருக்கு மின்சாரம் வாங்கிய மனு, ரேஷன் கார்டு, பள்ளிக்கூடச் சான்று, இறப்புச் சான்று, வாரிசுச் சான்று எல்லாவற்றையும் ஒரு பையில் போட்டுச் சேருங்கள். ‘இது எதற்கு’ என்று எதையும் எறியாதீர்கள். அந்த நிலத்தில் களை எடுத்த கிழவியைச் சாட்சிக் கூண்டில் ஏற்றுங்கள். எந்த வரப்பு எந்த வருஷம் போட்டது, யார் பணத்தில் கிணறு வெட்டியது என்று அவருக்குத் தெரியும். இத்தனைக்குப் பிறகும் எதிர்க்கட்சி மூலப் பத்திரத்தைப் பெட்டியில் மறைத்தால், கோர்ட்டு மூலம் நோட்டீஸ் கொடுத்துக் கொண்டுவரச் சொல்லலாம். கையில் வைத்துக்கொண்டே மறைப்பவருக்கு எதிராக ஊகிக்கக் கோர்ட்டுக்கு அதிகாரம் உண்டு.

ஒன்று சொல்லிவிட வேண்டும். அண்ணன் தன் சொந்தக் கூலியில் வாங்கிய நிலம் அண்ணனுடையதுதான். அதில் போய்ப் பங்கு கேட்பது நம் வேலையல்ல. அது பாட்டாளியைப் பாட்டாளி உறிஞ்சுவது. ஆனால் தகப்பனார் சொந்தமாக வாங்கி, உயில் எழுதாமல் இறந்திருந்தால்? 1956-ஆம் வருஷத்து இந்து வாரிசுரிமைச் சட்டப்படி மனைவி, மகன், மகள், இறந்தவரின் தாய் ஆகியோருக்குச் சமபங்கு. அங்கே ‘பூர்வீகமா, சுயார்ஜிதமா’ என்ற வாதமே எழாது; தகப்பனார் பெயரில் பத்திரமும் வாரிசுச் சான்றும் இருந்தால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று. முஸ்லிம், கிறிஸ்தவத் தோழர்களுக்கு வாரிசுச் சட்டம் வேறு. பங்கு உண்டு என்பதில் வேற்றுமையில்லை, கணக்கில்தான் வேற்றுமை.

“நாற்பது வருஷம் எங்கே போயிருந்தாய்?”

இது அடுத்த அம்பு. “அண்ணன்தான் நாற்பது வருஷமாக உழுதான். பன்னிரண்டு வருஷம் அனுபவித்தாலே சொந்தமாகிவிடும், தெரியுமா?” என்று அரைகுறைச் சட்டத்தை எடுத்து வீசுகிறார்கள்.

எங்கே போயிருந்தான் என்றா கேட்கிறீர்கள்? உங்கள் வேட்டிக்கு நூல் நூற்கப் போயிருந்தான்! பஞ்சுத் தூசியை நெஞ்சில் வாங்கிக்கொண்டு, அந்தக் கூலியில் மிச்சம் பிடித்து அந்தக் கிணற்றுக்கே பணம் அனுப்பிக்கொண்டிருந்தான்!

சட்டமும் அவனுக்குத் துணை நிற்கிறது. கூட்டுப் பாத்தியதையுள்ள நிலத்தில் ஒரு பங்காளி அனுபோகத்தில் இருந்தால், அது எல்லாப் பங்காளிகளுக்காகவும் இருப்பதாகவே சட்டம் கொள்கிறது. ஒருவர் உழுது விளைச்சலை எடுத்துக்கொண்டார், மற்றவர் கேட்காமல் இருந்தார் என்பதால் மட்டும் மற்றவர் பங்கு போகாது. ‘உனக்குப் பங்கில்லை’ என்று வெளிப்படையாக மறுத்து, அது மற்றவருக்குத் தெரிந்து, அதன் பிறகு 12 வருஷம் ஓடியிருக்க வேண்டும். இதை ருசுப்படுத்தும் சுமை உள்ளே இருப்பவர் தலையில்! சுப்ரீம் கோர்ட்டு 1950-களிலேயே தீர்த்துவைத்த விஷயம் இது.

ஆனால் இதே விதியில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. “உமக்குப் பங்கு கிடையாது” என்று வக்கீல் நோட்டீஸ் வருகிறது என்று வையுங்கள். அன்றைக்கே கடிகாரம் ஓடத் தொடங்கிவிட்டது. அந்தத் தபாலைப் பரண் மேல் எறிந்துவிட்டு, “சொந்த அண்ணன் மகன்தானே, பேசித் தீர்க்கலாம்” என்று பொங்கலுக்குப் பொங்கல் காத்திருப்பவர் 12 வருஷம் கழித்து வந்தால், அப்போது எந்தச் சங்கமும் எந்த வக்கீலும் ஒன்றும் செய்வதற்கில்லை. நோட்டீசுக்குப் பதில் கொடுங்கள். எழுத்தில் கொடுங்கள்.

பெரிய இடத்துப் பாகப்பிரிவினை

ஏழைப் பங்காளியிடம் இத்தனை ருசு கேட்கிற நாட்டில், பெரிய இடங்களில் பங்கு எப்படி ருசுவாயிற்று என்பதையும் பார்க்க வேண்டாமா? 1961-ஆம் வருஷத்து நில உச்சவரம்புச் சட்டம் ஐந்து பேர் கொண்ட குடும்பத்துக்கு 30 ஸ்டாண்டர்டு ஏக்கர் என்று வரம்பு கட்டியது. 1970-ல் அது 15 ஸ்டாண்டர்டு ஏக்கராகக் குறைந்தது. உடனே என்ன ஆயிற்று? மிராசுதார் வீடுகளில் திடீரென்று நியாய உணர்ச்சி பொங்கியது! மச்சினனுக்குப் பங்கு, மாமியாருக்குப் பங்கு, வண்டிக்காரன் பெயரில் பங்கு, கோயில் கட்டளைக்குப் பங்கு, கேட்ட பெயருக்கெல்லாம் டிரஸ்டு! பெயர்தான் பிரிந்தது, நெல் ஒரே களத்துக்குத்தான் வந்தது. எந்த வண்டிக்காரனாவது தன் பெயரிலிருந்த நிலத்தில் ஒரு மரக்கால் நெல் கண்டிருப்பானா?

இல்லாத பங்கைக் காகிதத்தில் உண்டாக்கியபோது யாரும் ருசு கேட்கவில்லை. இருக்கிற பங்கை மில் தொழிலாளி கேட்கும்போது மட்டும் ஆதிமூலப் பத்திரம் வேண்டுமாம்!

தங்கையின் கைநாட்டு

நம் வரிசையிலும் ஒரு கசப்பான விஷயம் இருக்கிறது. ‘பங்கு கொடு’ என்று அண்ணன் வாசலில் முழங்குகிற தம்பி, ‘தங்கைக்கு?’ என்று கேட்டால் தொண்டையைக் கனைத்துக்கொள்கிறார். “அவளுக்குத்தான் சீர் செய்தோமே” என்கிறார். நாலு பித்தளைப் பாத்திரமும் ஒரு சோடித் தோடும் ஒரு ஏக்கர் நிலத்துக்கு ஈடா?

தமிழ்நாட்டில் 1989 மார்ச் 25 முதல், அன்றைக்கு மணமாகாமல் இருந்த மகளுக்குப் பூர்வீகச் சொத்தில் மகனுக்குச் சமமான பங்கு பிறந்தது. 2005 செப்டம்பர் 9 முதல் மணமான மகள், ஆகாத மகள் என்ற பேதம் இந்தியா முழுதும் போயிற்று. குடியிருக்கும் வீட்டில் பாகம் கேட்கப் பெண்ணுக்கிருந்த தடையும் அதே சட்டத்தில் நீங்கியது. அன்றைக்குத் தகப்பனார் உயிரோடு இருந்தாரா இல்லையா என்பது கேள்வியே அல்ல, பங்கு பிறப்பால் வந்தது என்று 2020 ஆகஸ்ட் 11-ல் சுப்ரீம் கோர்ட்டு மூன்று நீதிபதிகள் பெஞ்சில் தீர்த்துவிட்டது. 2004 டிசம்பர் 20-க்கு முன் பதிவுப் பத்திரம் மூலமோ கோர்ட்டு டிக்ரி மூலமோ முடிந்த பாகப்பிரிவினையை மட்டும் கிளற முடியாது. “நாங்கள் அப்போதே வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டோம்” என்று மகளை விரட்டும் பழைய தந்திரமும் சுலபத்தில் செல்லாது. அரசாங்க ஆவணங்களின் பலமில்லாத வாய்மொழிப் பிரிவினையை ஏற்பதற்கில்லை என்று அதே தீர்ப்பு சொல்கிறது.

ஆகவே, விடுதலைப் பத்திரத்தை நீட்டி, “சும்மா ஒரு கைநாட்டு வை, தாயி” என்று வருகிற அண்ணன்மாரிடம் சகோதரிகள் ஒரு கேள்வி கேட்கட்டும்: “எனக்குப் பங்கே இல்லையென்றால் என் கைநாட்டு எதற்கு?”

“குடும்பத் தகராறில் சங்கத்துக்கு என்ன வேலை?”

இப்படிக் கேட்கிற நல்லவர்களும் உண்டு. கூலிப் போராட்டம் இருக்கிறது, போனஸ் இருக்கிறது, இந்த அண்ணன் தம்பி வழக்கில் நாம் எதற்கு என்கிறார்கள். அவர்களைக் கேட்கிறோம்: அந்தக் குடும்பத்துக்குள் புகுந்திருக்கிற நிலவியாபாரி எந்த உறவு? மாமனா, மச்சானா? பங்காளிகளில் ஒருவருக்குப் பணமுடை வரும் நாளைப் பார்த்து, பிரிபடாத ஒரு பங்கை எழுதி வாங்கிக்கொண்டு, அதை வைத்து முழு நிலத்துக்கும் வேலி போடுவது குடும்பத் தகராறா? நிலம் போன தம்பி நாளைக்கு மில்லில் எந்தக் கூலிக்கும் தலையாட்ட வேண்டியிருக்கும். ஊரில் ஒரு ஏக்கர் இருக்கிறவன் லாக்-அவுட் காலத்தில் இரண்டு மாதம் கூடுதலாகத் தாக்குப் பிடிப்பான். இது முதலாளிக்குத் தெரியும். நமக்குத் தெரிய வேண்டாமா?

அந்த வியாபாரிக்குச் சட்டம் கொடுப்பதென்ன? விற்றவருக்கு என்ன பங்கு இருந்ததோ அந்தப் பங்கு. அதற்கு மேல் ஒரு சென்டும் இல்லை. எந்த மூலை தன்னுடையது என்று காட்ட அவர் பாகப்பிரிவினை வழக்குப் போட வேண்டும். கூட்டுக் குடும்பம் குடியிருக்கும் வீட்டில் ஒரு பங்கை வாங்கிய அந்நியர், ‘நானும் உள்ளே வந்து உட்காருவேன்’ என்று சொல்ல முடியாது. சொத்து மாற்றுச் சட்டம் 44-வது பிரிவு தடுக்கிறது. அவர் பாகம் கேட்டு வழக்குப் போட்டால், அந்தப் பங்கை மதிப்பிட்டுத் தாங்களே வாங்கிக்கொள்ளக் குடும்பத்தாருக்கு 1893-ஆம் வருஷத்துப் பாகப்பிரிவினைச் சட்டம் 4-வது பிரிவு உரிமை தருகிறது. இதெல்லாம் வெள்ளைக்காரன் காலத்துச் சட்டம்தான். இருந்தும் எத்தனை ஊரில் இதை எடுத்துச் சொல்ல ஆள் இருக்கிறார்கள்?

வேலி போடும் அன்றைக்குப் பத்துப் பேர் பக்கத்தில் போய் நின்றால் அந்த வேலை பாதியில் நிற்கும். அடிதடி வேண்டாம். கிரிமினல் கேஸில் மாட்டிவிடுவதற்கென்றே ஆள் வைத்துச் சீண்டுவார்கள். பத்துப் பேரும் கையைக் கட்டிக்கொண்டு நிற்க, ஒருவர் தாலுகாவுக்கும் போலீசுக்கும் எழுத்தில் மனுக் கொடுத்து ரசீது வாங்கி வர வேண்டும். வழக்குத் தாக்கலான பிறகு எதிர்க்கட்சி யாருக்கு விற்றாலும், வாங்குகிறவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர். சொத்து மாற்றுச் சட்டம் 52-வது பிரிவு இது.

கோர்ட்டுக் கட்டணம் என்ற சுங்கச் சாவடி

இந்த வழியிலும் ஒரு கொடுமையை வைத்திருக்கிறார்கள். 1955-ஆம் வருஷத்துச் சென்னைக் கோர்ட்டுக் கட்டணச் சட்டம், 37-வது பிரிவு. கூட்டு அனுபோகத்தில் இருக்கிறவர் பாகம் கேட்டால் நிர்ணயமான சிறு தொகை கட்டினால் போதும். அனுபோகத்திலிருந்து விரட்டப்பட்டவர் பாகம் கேட்டால், தன் பங்கின் மார்க்கெட் மதிப்பின் மேல் கட்டணம் கட்ட வேண்டும். உள்ளே இருப்பவனுக்குச் சலுகை. வெளியே தள்ளப்பட்டவனுக்கு அபராதம்! புறவழிச் சாலையால் நிலத்தின் விலை ஏற ஏற, பங்கை இழந்தவன் கட்ட வேண்டிய கட்டணமும் ஏறுகிறது. அநியாயம் செய்தவனுக்கு விலையேற்றம் லாபம்; அநியாயத்துக்கு ஆளானவனுக்கு அதே விலையேற்றம் பாரம். இந்தப் பிரிவைத் திருத்த வேண்டும், விரட்டப்பட்டவருக்கும் நிர்ணயக் கட்டணமே போதும் என்று விவசாயத் தொழிலாளர் கூட்டங்களில் தீர்மானம் போடுங்கள்.

அதுவரை கையிலிருக்கிற வழியை விடவேண்டாம். பாகப்பிரிவினை வழக்கில் இரண்டு கட்டம். முதல் டிக்ரி உங்கள் பங்கு மூன்றிலொன்றா நாலிலொன்றா என்று சொல்லும். அத்துடன் ‘ஜெயித்தோம்’ என்று வெடி வைத்துவிட்டு வந்துவிடக் கூடாது. கமிஷனர் அளந்து, எந்தத் துண்டு யாருக்கு என்று காட்டி, இறுதி டிக்ரி ஆனால்தான் நிலம் கைக்கு வரும். முதல் டிக்ரியைப் பெட்டியில் வைத்துப் பூட்டிவிட்டு நிலம் வரும் என்று வாசலைப் பார்த்திருக்கிறவர்கள் ஊருக்கு ஒருவராவது இருக்கிறார்கள்.

கட்டணத்துக்கும் வக்கீலுக்கும் பணமில்லையா? 1987-ஆம் வருஷத்துச் சட்டப் பணிகள் அதிகாரச் சட்டம் 12-வது பிரிவைப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். பெண்கள், தாழ்த்தப்பட்டோர், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர்கள் ஆகியோருக்கு வருமானம் எவ்வளவு என்று பாராமலே இலவசச் சட்ட உதவி உண்டு. மற்றவர்களுக்கு வருமான வரம்புக்குள் இருந்தால் உண்டு. இந்த உதவியில் வக்கீலும் சேரும், கோர்ட்டுக் கட்டணமும் சேரும். இது தர்மமல்ல, சட்டம். தாலுகா சட்டப் பணிகள் குழு கோர்ட்டு வளாகத்திலேயே இருக்கிறது. மனுவுக்குக் கட்டணம் கிடையாது. மில் அடையாள அட்டை அல்லது சாதிச் சான்று, வாரிசுச் சான்று, கையில் கிடைத்த பழைய தாள்களின் நகல், இவற்றுடன் போங்கள். தனியாகப் போகாமல் சங்கத்திலிருந்து எழுதப் படிக்கத் தெரிந்த ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள். மனு கொடுத்ததற்கு ரசீது வாங்காமல் திரும்பாதீர்கள்.